சல்லிக்காசு ஏறவில்லை

என் கணவருக்குக் கடையில் 'தவணையார்' என்று பெயர். பட்டப்பெயர்தான், ஆனால் முதலாளியே அப்படித்தான் கூப்பிடுவார். ஃப்ரிட்ஜ், வாஷிங் மெஷின், டிவி, ஏசி எல்லாம் விற்கிற பெரிய கடை அது. கீழ்த்தளம் முழுக்க இவருடைய ராஜ்யம். ஒவ்வொரு பொருளின் நெற்றியிலும் ஒரு மஞ்சள் அட்டை தொங்கும். மாதத் தவணை உள்ளங்கை அகலத்துக்கு எழுதியிருக்கும். மொத்த விலை அதற்குக் கீழே எறும்பு ஊர்ந்த மாதிரி. அதைப் படிக்க வேண்டுமென்றால் ஃப்ரிட்ஜின் காலில் விழுவதுபோலக் குனிய வேண்டும். அந்த அட்டையைக் கண்டுபிடித்த மகான் என் கணவர்தான்.

"மொத்த விலையா? அத விடுங்க சார், அது மனசுக்குக் கெடுதல். மாசத்துக்கு எவ்ளோன்னு கேளுங்க" என்பார். வந்தவர் தயங்கினால், "சரி, உங்க முகத்துக்காக இன்னும் ஆறு மாசம் நீட்டுறேன். இப்பப் பாருங்க, எப்படி எறங்கிடுச்சு!" என்பார். வந்தவர் ஏதோ பாதிப் பொருளை இனாமாக வாங்கிக்கொண்டு போகிற சந்தோஷத்தோடு போவார்.

சாப்பிடும்போது இவர் அதைச் சொல்லிச் சிரிப்பார். "இன்னிக்கு ஒருத்தன் வாஷிங் மெஷின் வாங்க வந்தான். ஒண்ணரை மெஷினுக்குக் காசு கட்டிட்டு ஒரு மெஷினத் தூக்கிட்டுப் போறான். கேக்கத் தெரியல பாரு அவனுக்கு!" நானும் சிரிப்பேன். என் மகளும் சிரிப்பாள். அந்த மாதிரி மாங்காய் மடையர் யாரும் நம் வீட்டில் இல்லை என்கிற நிம்மதியில் சிரித்த சிரிப்பு அது.

நான் ஆஸ்பத்திரியில் வேலை பார்க்கிறேன். நர்ஸ் இல்லை. ஆபரேஷன் முடிந்ததும் கத்தரி, கத்தி, இடுக்கி எல்லாம் எங்கள் அறைக்கு வரும். கழுவி, நீராவி இயந்திரத்தில் வைத்து எடுத்து, துணியில் கட்டி, மேலே தேதி முத்திரை குத்தி அனுப்ப வேண்டும். எல்லாம் நின்றுகொண்டே செய்கிற வேலை. நாற்காலி ஒன்று உண்டு, அதில் மேற்பார்வையாளரின் கைப்பை உட்கார்ந்திருக்கும். என் முழங்கால்கள் இரண்டும் என்னோடு பேசுவதை நிறுத்திச் சில வருஷங்கள் ஆகிவிட்டன.

வீடு வாங்கிய கதைக்கு வருகிறேன். அப்போது நாங்கள் வாடகை வீட்டில் இருந்தோம். சுவரில் ஆணி அடிக்கக் கூடாது என்பது அந்த வீட்டுச் சொந்தக்காரரின் ஒரே கொள்கை. வாடகை நாலு நாள் தாமதமானால்கூடப் பொறுத்துக்கொள்வார், ஆணிச் சத்தம் கேட்டால் மாடியிலிருந்து இறங்கி வந்துவிடுவார். என் கணவருக்கு அது தன்மானப் பிரச்சினை ஆகிவிட்டது. "ஒரு ஆணிக்கு ஒருத்தன்கிட்ட கையைக் கட்டி நிக்கணுமா?" என்று குதித்தார். குதித்த வேகத்தில் வங்கிக் கடன் வாங்கி வீடும் வாங்கிவிட்டார். குடிவந்த அன்றே ஏழெட்டு ஆணி அடித்தார். மாட்டுவதற்குத்தான் ஒன்றும் இல்லை.

எங்களுடையது மூன்றாவது மாடி. நேர் மேலே நாலாவது மாடியில் அவருடைய அண்ணன். லிஃப்ட் பழுது பார்க்கிறவர். இரண்டு வீட்டுக்கும் ஒரே அளவு, ஒரே விலை, ஒரே வங்கி, ஒரே இருபது வருஷக் கடன். ஒரே நாளில் ஒரே பேனாவால் கையெழுத்துப் போட்டார்கள். போட்டு முடித்ததும் அண்ணன் அந்தப் பேனாவுக்கு மூடி போட்டுத் தன் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார். அது வங்கியின் பேனா. அவர் கையில் இருந்து ஒரு பொருளைத் திரும்ப வாங்குவது அவ்வளவு லேசு இல்லை.

இரண்டாம் வருஷம் வட்டி ஏறியது. வங்கியிலிருந்து இரண்டு பேருக்கும் ஃபோன் வந்தது. தவணையை ஏற்றிக்கொள்கிறீர்களா, அல்லது தவணை அப்படியே இருக்கட்டும், நாங்கள் வேறு வழியில் சரிசெய்துகொள்ளட்டுமா என்று கேட்டார்கள். அண்ணன் தவணையை ஏற்றிக்கொண்டார். என் கணவர் பேரம் பேசினார். அரை மணி நேரம் பேசினார். மிரட்டினார், கெஞ்சினார், வேறு வங்கிக்குப் போய்விடுவேன் என்றார். கடைசியில் வங்கி இறங்கி வந்தது.

"சல்லிக்காசு ஏறல!" என்று கத்திக்கொண்டே வீட்டுக்குள் வந்தார். கையில் ஐஸ்கிரீம் டப்பா.

அன்றிலிருந்து அது எங்கள் வீட்டு வழக்கம் ஆகிவிட்டது. வங்கி வட்டியை ஏற்றும், நாங்கள் ஐஸ்கிரீம் சாப்பிடுவோம். எத்தனை தடவை ஏற்றினார்கள் என்று எனக்கு நினைவில்லை, ஆனால் எல்லாச் சுவையும் சாப்பிட்டுப் பார்த்துவிட்டோம். அந்த 'வேறு வழி' என்ன வழி என்று ஒரு நாளாவது யாராவது கேட்டோமா? வாயில் ஐஸ்கிரீம் இருக்கும்போது எப்படிக் கேட்பது?

மேல் வீட்டில் நிலைமை வேறு. வட்டி ஏறும்போதெல்லாம் அங்கே ஒரு பொருள் காணாமல் போகும். முதலில் பேப்பர் நின்றது. அப்புறம் கூடத்து விளக்கு. அப்புறம் அண்ணனின் பைக். மனிதர் பஸ்ஸில் போக ஆரம்பித்தார், பிறகு பாதித் தூரம் நடந்து மீதித் தூரம் பஸ்ஸில் போக ஆரம்பித்தார். ஓவர்டைம் காசு, போனஸ், எது வந்தாலும் நேரே வங்கிக்குக் கொண்டுபோய்க் கொட்டிவிடுவார். அவர் மனைவிக்கு, என் ஓரகத்திக்கு, முன்பல் இரண்டு விழுந்து வருஷக்கணக்காகிறது. கட்டிக்கொள்ளக் காசு தரவில்லை. அவள் சிரித்தால் கை தானாக வாய்க்குப் போகும். அவளைப் பார்க்க எனக்குப் பாவமாக இருக்கும். "கஞ்சப் பிசினாரி, பொண்டாட்டி பல்லுல மிச்சம் புடிக்கிறான்" என்று இவர் சொல்லும்போது நான் மறுத்துப் பேசியதே இல்லை.

நடுவில் ஒரு வருஷம் கடையைப் புதுப்பிக்கிறோம் என்று பாதியை மூடிவிட்டார்கள். சம்பளமும் பாதி. வங்கியில் போய்ச் சொன்னதும் ஆறு மாசம் தவணை கட்ட வேண்டாம் என்று விடுமுறை கொடுத்தார்கள். "பாத்தியா, நம்ம பேச்சுக்கு இருக்கிற மதிப்ப!" என்று இவர் எங்களைக் கடற்கரைக்கு அழைத்துக்கொண்டு போனார். நாங்கள் அலையில் கால் நனைத்துக்கொண்டிருந்தோம். வட்டி ஒரு நாள்கூட லீவு போடாமல் வேலைக்குப் போய்க்கொண்டிருந்தது.

எனக்கு ஒரு கணக்கு இருந்தது. இருபது வருஷக் கடன். பதினாலு ஓடிவிட்டது. ஆறு பாக்கி. ஆறு வருஷம் பல்லைக் கடித்துக்கொண்டு நின்றுவிட்டால் அப்புறம் வேலையை விட்டுவிட்டு உட்காரலாம். இதைவிடச் சின்னக் கணக்கு உலகத்தில் இருக்குமா? இதைப் போய் யாரிடம் சரிபார்ப்பது?

அப்போதுதான் அண்ணன் கடனை அடைத்தார். ஒரு சாயங்காலம் மனைவியோடு கீழே இறங்கி வந்தார். கையில் ஒரு பிஸ்கட் பாக்கெட். அதுவே எங்களுக்குத் தூக்கிவாரிப் போட்டது.

"முடிச்சிட்டேன்டா தம்பி" என்றார். "பத்திரத்தத் திருப்பிக் கொடுத்துட்டாங்க." சொல்லிவிட்டு நாற்காலியில் உட்கார்ந்து அழுதார். அவ்வளவு பெரிய மனுஷர் தேம்பித் தேம்பி அழுததைப் பார்த்து எனக்கும் கண் கலங்கியது. அடுத்த வாரம் பல் டாக்டரிடம் போகிறேன் என்று ஓரகத்தி சொன்னாள், கையால் வாயை மூடிக்கொண்டே.

அவர்கள் மேலே போனதும் தவணையார் பிஸ்கட்டைக் கடித்துக்கொண்டு தீர்ப்புச் சொன்னார். "அவசரக் குடுக்கை. இன்னும் ஆறு வருஷம் பொறுத்தா தானா முடியப் போவுது. அதுக்குள்ள இப்படி வயித்தக் கட்டி வாயக் கட்டி... நம்மளப் பாரு. எல்லாம் அனுபவிச்சோம், சல்லிக்காசு ஏறல."

அதே வாரம் வட்டி மறுபடி ஏறியது. இவர் வழக்கம்போல ஃபோன் செய்து, தவணை அப்படியே இருக்கட்டும் என்றார். இந்தத் தடவை அந்தப் பக்கத்தில், "நேர்ல வாங்க சார், மேடத்தையும் கூட்டிட்டு வாங்க" என்று சொல்லிவிட்டார்கள். இவர் டை கட்டிக்கொண்டு கிளம்பினார். நான் அரை நாள் லீவு போட்டேன்.

எங்களோடு பேசியது சின்னப் பெண். என் மகளைவிட நாலைந்து வயது கூட இருக்கும். நல்ல மரியாதை. தண்ணீர் கொடுத்தாள். கம்ப்யூட்டரைப் பார்த்துவிட்டு, "தவணைய ஏத்தாம வைக்கணும்னா ஒரு சின்ன விஷயம் இருக்கு சார். இந்த ஏத்தத்தையும் சேர்த்தா உங்க கடன் இன்னும் இருபத்தி நாலு வருஷத்துக்குப் போவுது. உங்களுக்கு இன்னும் ஏழு வருஷம்தானே வேலை இருக்கு?" என்றாள்.

இவர் சிரித்தார். "வேற யார் கணக்கையோ பாக்கறீங்கம்மா. எங்களுக்கு ஆறு வருஷம்தான் பாக்கி."

அவள் பேரைச் சொன்னாள், கதவு எண்ணைச் சொன்னாள். எங்கள் கணக்குத்தான்.

"ஆரம்பிச்சதே இருபதுதானேம்மா" என்றேன் நான். "பதினாலு வருஷம் ஒரு மாசம் தவறாமக் கட்டியிருக்கோம். அதெப்படி இருபத்தி நாலு பாக்கி?"

"நடுவுல ஆறு மாசம் கட்டல மேடம்" என்று மெதுவாகத் திருத்தினாள். "அப்புறம், வட்டி ஏறும்போதெல்லாம் சார் தவணைய ஏத்த வேணாம்னு சொல்லியிருக்காரு. அப்ப வருஷத்தைத்தானே நீட்ட முடியும்?"

அந்த 'வேறு வழி' பதினாலு வருஷம் கழித்து எங்கள் எதிரில் வந்து உட்கார்ந்துகொண்டது.

"அப்ப இத்தன நாளும் கட்டினது?"

"பெரும்பாலும் வட்டிக்குப் போயிருக்கு மேடம். அசல்ல இருபதுல ஒரு பங்கு அடைஞ்சிருக்கு."

இருபதில் ஒரு பங்கு. நான் மனசுக்குள்ளேயே வீட்டை அளந்து பார்த்தேன். பதினாலு வருஷத்தில் எங்களுக்குச் சொந்தமாகியிருந்தது குளியலறை. அதிலும் குழாய் ஒழுகும்.

"கடைசி வரைக்கும் கட்டினா மொத்தம் எவ்ளோ ஆகும்?" என்று கேட்டேன். அந்தப் பெண்ணுக்கு அந்தக் கேள்வி புதிது போலிருக்கிறது. கொஞ்சம் தேடினாள். "வாங்கின கடனைப்போல... நாலு பங்கு கிட்ட வருது மேடம்" என்றாள். அதே கடனை மேல் வீட்டுக்காரர் இரண்டு பங்குகூடக் கட்டாமல் முடித்திருந்தார்.

என் கணவர் முகத்தில் ஈயாடவில்லை. பிறகு முன்னால் சாய்ந்து, அவர் வாழ்நாள் முழுக்கக் கேட்கச் சொல்லிக் கொடுத்த கேள்வியைக் கேட்டார். "சரிம்மா. மாசத்துக்கு?"

"மாசத்துக்கு ஒண்ணும் ஏறாது சார்."

"அப்பாடா" என்று சாய்ந்து உட்கார்ந்தார்.

கைப்பையால் மண்டையில் ஒன்று போடலாமா என்று எனக்குத் தோன்றியது. வங்கி என்பதால் பொறுத்துக்கொண்டேன்.

"என்ன ஒண்ணு" என்றாள் அந்தப் பெண். "நீங்க ஓய்வு பெற்ற பிறகும் கடன் ஓடுது இல்லையா, அதனால வயசு கம்மியான ஒருத்தர் சேர்ந்து கையெழுத்துப் போடணும். உங்களுக்கு வேலைக்குப் போற பிள்ளைங்க யாராவது இருக்காங்களா?"

"இருக்காளே!" என்றார் இவர், பெருமையாக. ஸ்கூலில் பரிசு வாங்கியவளைப் பற்றிக் கேட்டதுபோல. "தண்ணி பரிசோதிக்கிற லேப்ல வேலை. போன வருஷம்தான் சேர்ந்தா."

பிள்ளை கையெழுத்துப் போடாவிட்டால் கடனை ஏழு வருஷத்தில் முடிக்க வேண்டும். அப்படியென்றால் தவணை ஏறக்குறைய இரண்டு மடங்கு. எங்கள் இரண்டு பேர் சம்பளமும் அப்படியே போய்விடும், சோற்றுக்குத் தனியாகக் கடன் வாங்க வேண்டும். யோசித்துச் சொல்ல இரண்டு மாசம் கொடுத்தாள்.

என் மகளுக்கு இருபத்திரண்டு வயது. மேல்படிப்புக்கு இடம் கிடைத்திருந்தது. வேறு ஊரில், இரண்டு வருஷம். அதற்காக வங்கியில் படிப்புக் கடன் கேட்டிருந்தாள், அதுவும் கிடைக்கிற மாதிரி இருந்தது. எங்கள் வீட்டுக் கடனில் அவள் பேர் ஏறிவிட்டால் எந்த வங்கியும் அவளுக்கு இன்னொரு கடன் தராது. வேலையை விடவும் முடியாது. தன் நாற்பத்தாறாவது வயது வரைக்கும், அப்பா ஆணி அடித்த சுவருக்கு அவள் காசு கட்ட வேண்டும்.

இதெல்லாம் தெரிந்துகொண்டுதான் தவணையார் அன்று சாயங்காலம் அவளைக் கூடத்தில் உட்காரவைத்து வியாபாரத்தை ஆரம்பித்தார்.

"பாப்பா, ஒரே ஒரு கையெழுத்து. உன் கையிலேருந்து ஒண்ணும் போவாது. மாசத்துக்கு அதே காசுதான். படிப்பு எங்க ஓடிப் போவுது? ரெண்டு வருஷம் கழிச்சுப் படிச்சுக்கலாம். கடைசியில வீடு யாருக்கு? உனக்குத்தானே?"

அவள் அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள். அப்பா செல்லம். சின்ன வயதில் ஐஸ்கிரீம் டப்பாவைத் திறக்கிற உரிமை அவளுக்குத்தான். "சரிப்பா, போடறேன்" என்றாள். என் பக்கம் திரும்பி, "விடும்மா, அப்பாவுக்கு இந்த வீடுன்னா உசுரு" என்றாள்.

எனக்கு வந்த கோபத்தில் கால் வலிகூட மறந்துவிட்டது.

"நீங்க எத்தன வருஷமா அந்தக் கடையில இருக்கீங்க?" என்று அவரைக் கேட்டேன்.

"அதுக்கும் இதுக்கும் என்ன சம்பந்தம்?"

"சொல்லுங்க. இத்தன வருஷத்துல எந்தக் கஸ்டமர்கிட்டயாவது முப்பத்தெட்டு வருஷத்துக்குத் தவணை போட்டிருக்கீங்களா? பாதியில ஆள் ரிடையர் ஆயிட்டா மிச்சத்த அவன் பொண்ணு கட்டணும்னு எழுதி வாங்கியிருக்கீங்களா?"

"பைத்தியமா உனக்கு?" என்றார் எரிச்சலோடு. "அப்படிச் சொன்னா எவன் வாங்குவான்?"

சொல்லிவிட்டு அப்படியே நின்றுவிட்டார். முப்பத்தெட்டு வருஷத் தவணைக்கு ஒருத்தனும் வாங்க மாட்டான் என்று சொன்னவர் அந்த ஊரிலேயே கெட்டிக்கார விற்பனையாளர். அதை அவரே அவர் காதால் கேட்டுவிட்டார். இனி யார் வந்து என்ன எடுத்துச் சொல்ல வேண்டும்?

"வித்துடலாம்" என்றேன்.

இரண்டு நாள் அவர் சரியாகச் சாப்பிடவில்லை. மூன்றாம் நாள் தரகரைக் கூட்டிக்கொண்டு அவரே வந்தார்.

விஷயம் மேல் வீட்டுக்குப் போனதும் அண்ணன் இறங்கி வந்தார். குத்திக்காட்டப் போகிறார் என்று நான் முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு சண்டைக்குத் தயாராக நின்றேன். அவர் அதெல்லாம் செய்யவில்லை. "எனக்குக் கணக்கெல்லாம் தெரியாதும்மா" என்றார் என்னிடம். "கடன் இருந்தா எனக்குச் சோறு எறங்காது, அவ்ளோதான். தம்பி ஏதோ கணக்குப் போட்டுத்தான் செய்யறான்னு நெனச்சேன்." ஓரகத்தி சமையலறைக்கு என் பின்னாலேயே வந்தாள். புதுப் பல் கட்டியிருந்தாள். "உங்க வீட்டுல சிரிக்கிறது மேல கேக்கும்" என்றாள். "வாழ்ந்தா அப்படி வாழணும்னு இந்த மனுஷனத் திட்டித் தீத்திருக்கேன்டி." என் வீட்டுச் சிரிப்பைக் கேட்டு அவள் அழுதிருக்கிறாள், அவள் பல்லைப் பார்த்து நான் பரிதாபப்பட்டிருக்கிறேன். எங்கள் இரண்டு பேர் வயதையும் ஒரே வங்கிதான் மென்றிருக்கிறது.

விற்கிறது என்று முடிவு செய்துவிட்டால் விற்றுவிடுமா? கட்டடத்துக்கும் வயதாகிவிட்டது. வருகிறவர்கள் சுவரைத் தட்டிப் பார்ப்பார்கள், குழாயைத் திறந்து பார்ப்பார்கள், விலையைக் கேட்டு உதட்டைப் பிதுக்குவார்கள். இதையெல்லாம்விடப் பெரிய தடை என் கணவர். ஓட்டை டிவியைக்கூட உலக அதிசயம் என்று தலையில் கட்டுகிற மனிதருக்குச் சொந்த வீட்டை விற்க வாய் வரவில்லை. "இந்த ரூம்ல வெயில் அடிக்கும்" என்பார். "லிஃப்ட் அடிக்கடி நின்னு போவும்" என்பார். லிஃப்ட் மெக்கானிக் மேல் மாடியிலேயே இருக்கிறார் என்பதைச் சொல்ல மாட்டார். வந்தவர்கள் தாங்க்ஸ் சொல்லிவிட்டுப் போய்விடுவார்கள்.

ஒவ்வொருவர் போகும்போதும் என் மகள், "நானே கையெழுத்துப் போட்டுடறேம்மா, விடு" என்பாள். காலேஜில் பணம் கட்ட வேண்டிய கெடு நெருங்கிக்கொண்டிருந்தது. வங்கி கொடுத்த இரண்டு மாசமும் கரைந்து கடைசி வாரத்துக்கு வந்துவிட்டது. அந்த வாரத்தில் வீடு போகாவிட்டால் அவள் போட்டுவிடுவாள். எனக்குத் தெரியாமலேயே போய்ப் போட்டுவிட்டு வருவாள். அவளை எனக்குத் தெரியும்.

அந்த வாரம் ஒரு சின்ன ஜோடி வந்தது. அவன் கார் ஓட்டக் கற்றுக்கொடுக்கிறவன். அவள் துணிக்கடையில் கணக்கு எழுதுகிறவள், ஆறு மாசம் போல வயிறு. இரண்டு பேர் முகத்திலும் அந்தக் களை. எனக்கு நன்றாக ஞாபகம் இருக்கிற களை. அவள் சமையலறைக்குள் நுழைந்து மேடையைத் தடவிப் பார்த்தாள். அவன் கூடத்துச் சுவரைப் பார்த்துவிட்டு, "நெறைய ஆணி இருக்கு, நல்லதாப் போச்சு" என்றான். அவர்கள் இருந்த வாடகை வீட்டுக்காரன் என்னென்ன தொந்தரவு கொடுக்கிறான் என்று இரண்டு பேரும் மாற்றி மாற்றிச் சொன்னார்கள்.

பிறகு அவன் கேட்டான். "சார், இந்த விலைக்கு லோன் போட்டா மாசத்துக்கு எவ்ளோ வரும்?"

என் கணவர் அவனைப் பார்த்தார். அந்தப் பெண்ணின் வயிற்றைப் பார்த்தார். நாற்காலியை அவன் பக்கம் இழுத்துப் போட்டுக்கொண்டு, தணிந்த குரலில், "தம்பி, மாசத்த விடுங்க. மொதல்ல மொத்தமா எவ்ளோன்னு..." என்று ஆரம்பித்தார்.

மனுஷருக்கு ஞானம் வருவதற்கு வேறு நேரமே கிடைக்கவில்லை.

"என்னங்க!" என்றேன். "போய் பால்கனிக் கதவத் தொறந்து விடுங்க. காத்து எப்படி வருதுன்னு பாக்கட்டும்." என் குரலில் என்ன இருந்ததோ, அவர் மறுபேச்சுப் பேசாமல் எழுந்து போனார். அந்த நாற்காலியில் நான் உட்கார்ந்தேன்.

"அதெல்லாம் பெரிசா ஒண்ணும் வராது தம்பி" என்றேன். "உங்க ரெண்டு பேர் வயசுக்கு பேங்க்ல நீண்ட வருஷத்துக்குத் தருவாங்க. மாசத்துக்குக் கையில தெரியவே தெரியாது. இப்ப வாடகை கட்டறீங்க இல்ல, அது யாருக்கோ போவுது. இது உங்களுக்குன்னு நிக்கும். நாளைக்கு இந்தப் புள்ளைக்குன்னு ஒரு வீடு இருக்கும்."

பேச்சு அது பாட்டுக்கு வந்துகொண்டிருந்தது. எங்கிருந்து வந்தது என்று கேட்கிறீர்களா? இத்தனை வருஷம் சாப்பாட்டோடு சேர்த்து இதைத்தானே கேட்டேன்.

அவன் முகம் மலர்ந்தது. அந்தப் பெண்தான் கொஞ்சம் விவரமானவள். என் பக்கத்தில் வந்து நின்று, "அக்கா, நீங்களும் லோன் போட்டுத்தானே வாங்கினீங்க? எத்தன வருஷத்துல முடிச்சீங்க?" என்று கேட்டாள்.

உள்ளறைக் கதவு லேசாகத் திறந்திருந்தது. அங்கே என் மகள் மூச்சுக் காட்டாமல் நிற்பது தெரிந்தது.

"பதினாலு வருஷம்மா" என்றேன்.

"பதினாலே வருஷத்துலயா!" அவள் கண்ணை அகல விரித்துப் புருஷனைப் பார்த்தாள். "ஏங்க, கேட்டீங்களா? இவங்களால முடியும்போது நம்மளால முடியாதா?"

நான் பொய் சொல்லவில்லை. பதினாலு வருஷத்தில் எங்கள் கடன் முடியத்தான் போகிறது, இவர்கள் கொடுக்கிற பணத்தால். வங்கிப் பெண் எங்களிடம் சொன்னதில்கூட ஒரு பொய் கிடையாது.

அன்றைக்கே முன்பணம் கொடுத்துவிட்டு, சிரித்துக்கொண்டே இரண்டு பேரும் படியிறங்கிப் போனார்கள். என் கணவர் பால்கனிக் கதவருகிலேயே நின்று என்னைப் பார்த்தார். கடையில் யாராவது அவரைவிட அதிகமாக விற்றுவிட்டால் அப்படிப் பார்ப்பார் என்று நினைக்கிறேன். வங்கிக்குக் கட்டியது போகக் கையில் நிற்கப் போவது, பதினாலு வருஷத்துக்கு முன் முன்பணமாகக் கொடுத்ததைவிடக் கொஞ்சம் கூட. "லாபம்தான்" என்று முனகினார்.

என் மகள் உள்ளறையிலிருந்து ஓடி வந்து என்னைக் கட்டிக்கொண்டாள். அவள் தோளில் முகத்தை வைத்ததும் எனக்கு அழுகை பொத்துக்கொண்டு வந்தது. தன்னைப் பிரியப் போகிற அழுகை என்று அவள் நினைத்துக்கொண்டாள்.